முதுகுக்குப் பின்னால்

மார்ச் 4, புதன்

என் படத்தில் அக்கா வேஷத்துக்காக இன்று நிறையப் பேர் வந்தார்கள். வந்த எல்லோருக்கும் நீச்சல் தெரியும், பைக் ஓட்டத் தெரியும், குதிரை ஏறத் தெரியும். கதையில் குதிரையே கிடையாது. இருந்தாலும் கேட்டு வைப்பேன். "தெரியும் மேடம்" என்று சொல்லும்போது கண் எங்கே போகிறது என்று பார்க்கத்தான். பாதிப் பேருக்கு அது கதவுப் பக்கம் போகும். ஒருத்தி மட்டும், "குதிரைன்னா எனக்குப் பயம் மேடம். வேணும்னா பழகிக்கிறேன்" என்றாள். அவளை மறுபடி கூப்பிட வேண்டும்.

எதிர்வசனம் படித்தது வழக்கம்போல என் உதவியாளன் சுருட்டை. தலையில் முடி போய்ப் பல வருடம் ஆயிற்று, பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. தாளில் இல்லாத ஒரு வரியை நடுவில் நைசாக நுழைப்பதில் அவன் கில்லாடி. அம்மா இறந்துபோன காட்சி, எதிரில் இருப்பவள் மூக்கைச் சிந்தத் தயாராகிறாள், அப்போது போய் "உன் செருப்பு எங்க?" என்பான். மனப்பாடம் செய்து வந்தவர்கள் அங்கே தடுக்கி விழுவார்கள். நிஜமாகவே கேட்டுக்கொண்டிருப்பவள் குனிந்து காலைப் பார்ப்பாள். எனக்கு அவள் போதும். யார் கேட்கிறார்கள், யார் கேட்பதுபோல் பாவனை செய்கிறார்கள் என்று கண்டுபிடிப்பதில்தான் பன்னிரண்டு வருடமாக என் வண்டி ஓடுகிறது.

ஆனால் நோட்டை எடுத்தது இதை எழுத இல்லை. இன்று காலை என் வீட்டுக்காரர் பேசினார்.

பேசினார் என்றால் — நிறுத்தாமல். வாசல் பல்பு எரியவில்லை, மாடி வீட்டுக்காரர் வண்டியைக் குறுக்கே நிறுத்துகிறார், டீத்தூளை மாற்றலாம், இந்த வருடம் வெயில் சீக்கிரமே வந்துவிட்டது. இவர் ஷூட்டிங்கில் சவுண்ட் எடுக்கிறவர். ஊரார் பேசுவதையெல்லாம் காலையிலிருந்து ஹெட்போனில் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்தால் "ம்" என்பதே பெரிய வசனம். அப்படிப்பட்ட மனிதர் டீ ஆறும்வரை பேசுகிறார். நடுவில் நான் ஒரு வார்த்தை போட இடமே கொடுக்கவில்லை.

எதிராளிக்கு இடம் விடாமல் பேசுகிற நடிகன் எதையோ மறைக்கிறான். இது எனக்கு நன்றாகத் தெரியும்.

மார்ச் 7, சனி

கடைத்தெருவுக்குப் போனோம். நடக்கும்போது இவர் என் இடது பக்கத்திலிருந்து வலது பக்கம் வந்துவிட்டார்.

இதெல்லாம் ஒரு விஷயமா என்று யாராவது கேட்கலாம். நான் சினிமாவுக்குள் நுழைந்ததே கன்டினியுட்டி எழுதுகிற பெண்ணாகத்தான். போன டேக்கில் டம்ளர் எந்தக் கையில் இருந்தது, துப்பட்டா எந்தத் தோளில் கிடந்தது — இதைப் பார்த்துச் சொல்வதற்குத்தான் முதலில் சோறு போட்டார்கள். கல்யாணம் ஆன நாளிலிருந்து இவர் என் இடது பக்கம்தான் நடப்பார். பக்கம் மாறியிருந்தால் ஒன்று யாரோ கவனிக்கவில்லை, இல்லை யாரோ வேண்டுமென்றே மாற்றியிருக்கிறார்கள். இவர் கவனிக்காமல் எதையும் செய்கிற ஆள் இல்லை.

"ஏன் இந்தப் பக்கம் வந்துட்டீங்க?" என்று கேட்டேன். சுற்றிலும் ஒரே இரைச்சல். இவர் சிரித்துக்கொண்டே, "ஆமா, விலையெல்லாம் ஏறித்தான் போச்சு" என்றார்.

பேச்சை மாற்றுவதற்கும் ஒரு அளவு இருக்கிறது.

மார்ச் 9, திங்கள்

போன் செய்தால் எடுப்பதில்லை. உடனே மெசேஜ் மட்டும் வருகிறது: "வேலைல இருக்கேன், டைப் பண்ணு." டைப் அடிப்பது என்றாலே எரிந்து விழுகிற மனிதர். பேசினால் குரல் காட்டிக்கொடுத்துவிடும் என்று பயமா? எழுத்தில் யாரும் திக்குவதில்லை.

மார்ச் 13, வெள்ளி

இன்று குட்டு உடைந்தது. பாதிதான் உடைந்தது.

சாப்பிட்டு முடித்துக் கையைத் துடைத்துக்கொண்டு, என் முகத்தை நேராகப் பார்த்து, இவர் சொன்னது: "இந்தப் படத்துக்கு வேற சவுண்ட் ஆள் பாத்துக்கோ, டைரக்டரம்மா. எனக்கு அந்த ரெண்டு மாசமும் வேற வேலை ஒத்துக்கிட்டாச்சு."

ஒரே மூச்சில் வந்தது. எங்கே நிறுத்த வேண்டும், எங்கே "டைரக்டரம்மா" போட வேண்டும் — எல்லாம் முன்கூட்டியே முடிவு செய்து வைத்ததுபோல் இருந்தது. இதைக் குளியலறையில் சொல்லிப் பார்த்திருக்கிறார். நேற்று உள்ளே முணுமுணுத்துக்கொண்டிருந்தது இதுதான்.

ஏன் என்று கேட்டேன். "புதுசா வர்றவங்க நல்லாப் பண்றாங்க" என்றார். இதுவும் ஒத்திகை பார்த்த வரி. அதற்கு மேல் கேட்டால் எழுந்து பாத்திரத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

பதினான்கு வருடம் கழித்து எனக்கு ஒரு படம் வந்திருக்கிறது. முதல் படம் ஓடியது. போட்ட பணம் திரும்பியது. இரண்டாவது படத்துக்குத் தியேட்டரில் நானும் இவரும் பாப்கார்ன் விற்கிற பெண்ணும்தான். அன்றைக்கு வெளியே வந்து இவர் சொன்ன ஆறுதல், "சவுண்ட் நல்லா வந்திருக்கு." அதற்கப்புறம் என்னை யாரும் கூப்பிடவில்லை. சீரியலில் எபிசோட் டைரக்டராக இருந்தேன். டப்பிங் தியேட்டரில் உட்கார்ந்து உதட்டசைவும் வார்த்தையும் ஒட்டுகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் காஸ்டிங். மற்றவர்கள் படத்துக்கு முகம் தேடித் தேடி, என் முகத்தை எல்லோரும் மறந்துபோனார்கள். இப்போதுதான் ஒருவர் கதையைக் கேட்டுவிட்டு "நீங்களே பண்ணுங்க" என்றார்.

என் இரண்டு படத்துக்கும் காது இவருடையதுதான். மூன்றாவதற்கு மட்டும் நேரமில்லையாம்.

மார்ச் 14, சனி

விசாரித்துவிட்டேன். அந்த இரண்டு மாதத்தில் இவர் ஒத்துக்கொண்டதாக எந்தப் படமும் இல்லை. எந்த யூனிட்டிலும் இவர் பெயர் இல்லை.

மார்ச் 17, செவ்வாய்

தயாரிப்பாளர் அலுவலகத்தில் நாள், தேதி எல்லாம் பேசினோம். சவுண்டுக்கு ஆள் மாறுகிறது என்று நான் இழுத்தேன். அவர் உடனே, "அதான் உங்க வீட்டுக்காரர் வந்து சொன்னாரே" என்றார். சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். "சரி சரி, அத விடுங்க. டீ சாப்பிடுங்க."

இவர் அங்கே போயிருக்கிறார். எனக்குத் தெரியாமல். என்ன பேசினீர்கள் என்று கேட்டேன். "ஒண்ணுமில்லம்மா, உங்க படம் நல்லா வரணும்னுதான் பேசினோம்" என்றார். அந்த "ம்மா"வில் ஒரு பரிதாபம் இருந்தது. ஆடிஷனில் தேறாதவர்களை அனுப்பும்போது நானும் அதே குரலில்தான் "சொல்லி அனுப்பறோம்மா" என்பேன். அந்தக் குரல் எனக்குத் தெரியாதா?

இவர் போய் என்ன சொல்லியிருப்பார்? அவளால முடியாது, ரெண்டாவது படத்துல பட்டது போதும் என்றா? மூழ்குகிற கப்பலில் எதற்கு ஏற வேண்டும் என்று தானும் ஒதுங்கிக்கொண்டாரா? வேறு யாராவது சொல்லியிருந்தால் போ என்று விட்டிருப்பேன். இவர் சொன்னால் எப்படி விடுவது? என்னை டைரக்டர் என்று முதலில் கூப்பிட்டதே இவர்தான்.

மார்ச் 18, புதன்

இப்போதெல்லாம் வீட்டுக்குள் நுழைந்ததும் டிவியை அலற விடுகிறார். பக்கத்து வீட்டு விளம்பரச் சத்தம் கேட்டாலே முகத்தைச் சுளிக்கிற மனிதர். பழைய படங்களில் வில்லன்கள் சதித்திட்டம் பேசுவதற்கு முன் ரேடியோவைத் திருகுவார்கள். ஆனால் இங்கே யாரும் யாரோடும் பேசுவதாகவும் தெரியவில்லை. அதுதான் குழப்பம்.

சுருட்டையிடம் லேசாகச் சொன்னேன். "மேடம், உங்களுக்கு ஒருத்தர் மேலயாவது சந்தேகம் இல்லன்னா தூக்கம் வராது. போன மாசம் என் மேல இருந்துச்சு" என்றான். போன மாதம் அவன் நிஜமாகவே பொய் சொன்னான். வயிற்றுவலி என்று சொல்லிவிட்டு வேறொரு இடத்தில் நடிக்கப் போயிருந்தான்.

மார்ச் 21, சனி

இன்று நானே சுருட்டையின் வேலையைச் செய்தேன். தாளில் இல்லாத வரி.

இவர் சமையலறையில் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். வாசல்படியில் நின்றேன். சாதாரணக் குரலில், கூட்டாமல் குறைக்காமல், "எனக்கு எல்லாம் தெரியும்" என்றேன்.

கத்தி நிற்கவில்லை. தோள் இறுகவில்லை. கழுத்தில் ஒரு நரம்புகூட அசையவில்லை. நறுக்கிக்கொண்டே இருந்தார், ஒரே தாளத்தில்.

"தயாரிப்பாளர்கிட்ட என்னப் பத்தி என்ன சொன்னீங்க?" என்றேன். அதற்கும் ஒன்றுமில்லை.

எத்தனை பேரை எடை போட்டிருக்கிறேன். குற்றம் செய்தவன் முதுகு எப்படி இருக்கும், செய்யாதவன் முதுகு எப்படி இருக்கும் என்று வகுப்பே எடுக்கலாம். பெரிய பெரிய ஆட்களுக்கே காது நுனி சிவந்துவிடும். இந்த மனிதருக்குள் இப்படி ஒரு நடிகன் இருக்கிறான் என்று எனக்கு இத்தனை நாள் தெரியாமல் போயிற்றே. கோபத்தோடு கோபமாக, எழுந்து நின்று கைதட்டலாமா என்றுகூட ஒரு நொடி தோன்றியது. பிறகு அறைக்குள் போய் அழுதேன்.

மார்ச் 22, ஞாயிறு

நான் பேசும்போது என் கண்ணைப் பார்ப்பதே இல்லை. உதட்டைத்தான் பார்க்கிறார் — டப்பிங்கில் வார்த்தை ஒட்டவில்லையோ என்று நான் பார்ப்பேனே, அந்த மாதிரி. நான் சொல்வது பொய்யா நிஜமா என்று சோதிக்கிறாரா? யார் யாரைச் சோதிக்கிறது இந்த வீட்டில்?

மார்ச் 24, செவ்வாய்

முடிந்தது. எனக்கு வேண்டிய பதில் கிடைத்துவிட்டது.

இரவுச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்திருந்தோம். நான் பால் எடுக்க எழுந்துபோய், ஃபிரிட்ஜுக்குள் தலையை விட்டுக்கொண்டே சொன்னேன், "படத்த விட்டுடலாம்னு பாக்கறேன்." முகத்தைப் பார்த்துக்கொண்டு சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. உண்மையில் விட நினைக்கவில்லை. ஏன் விடணும், பைத்தியமா நீ — அப்படி ஏதாவது சொல்வார் என்று நினைத்தேன். ஒரு சின்ன அதட்டல் போதும். எல்லாச் சந்தேகத்தையும் மூட்டை கட்டிப் போட்டிருப்பேன்.

திரும்பிப் பார்த்தேன். இவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். அன்பாகத்தான் சிரித்தார். "நல்லது. செய்" என்றார்.

நல்லதாம். செய்யணுமாம்.

பால் பாக்கெட்டை எங்கே வைத்தேன் என்றே ஞாபகம் இல்லை. ஒரு வாய்கூடச் சாப்பிட முடியவில்லை. இவர் ரொட்டியைப் பிய்த்து, தொட்டுக்கொண்டு, நிம்மதியாகச் சாப்பிட்டார். என்னோட வாழ்க்கைய விட்டுடறேன்னு சொல்றேன், இந்தாளு நல்லதுங்கறாரு. எப்படி முடியுது? எப்படித்தான் முடியுது ஒரு மனுஷனால?

மார்ச் 26, வியாழன்

அவர்கள் என்னை வெளியே தள்ளுவதற்கு முன் நானே வெளியே வந்துவிட்டேன்.

தயாரிப்பாளரிடம் நேரில் போய்ச் சொன்னேன். எனக்கு இப்போது இது வேண்டாம், வேறு யாரையாவது வைத்து எடுங்கள், கதையை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். அவர் வாயைத் திறந்தபடி பார்த்தார். நன்றாகவே செய்தார், ஆச்சரியத்தை. அதற்குக் கீழே ஒரு நிம்மதி இருந்திருக்க வேண்டும், எனக்குக் கிடைக்கவில்லை. "வீட்ல பேசிட்டீங்களா?" என்று கேட்டார். எங்க வீட்டில் பேசுவதைப் பற்றி அவருக்கு என்ன அவ்வளவு அக்கறை? பேசிட்டேன், நல்லதுன்னு சொல்லிட்டார் என்றேன். அவர் தலையைத் தாழ்த்திக்கொண்டார். அப்புறம், "யோசிச்சுதான் முடிவெடுத்திருப்பீங்க" என்றார்.

படியில் இறங்கும்போது, முந்திக்கொண்டோம் என்று ஒரு திருப்தி. அற்பத் திருப்திதான். அதுவும் இல்லாவிட்டால் என்ன செய்வது?

மார்ச் 27, வெள்ளி

எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

குதிரைக்குப் பயந்த பெண்ணை இன்று மறுபடி வரச் சொல்லியிருந்தேன். படம் என்னுடையது இல்லை என்று ஆகிவிட்டது. ஆனாலும் வெகுதூரத்திலிருந்து பஸ் பிடித்து வந்தவளைத் திருப்பி அனுப்ப மனமில்லை. சுருட்டைக்குக் காய்ச்சல். நிஜக் காய்ச்சல், போட்டோ அனுப்பியிருந்தான், தெர்மாமீட்டரோடு. அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. இவருக்கு மெசேஜ் போட்டேன், எதிர்வசனம் படிக்க ஆள் இல்லை, வாங்க என்று. காமிராவுக்கு முன்னால் இவரை உட்காரவைக்க வேண்டும். நடுவில் ஒரு வரியை நுழைக்க வேண்டும். முதுகை வைத்து ஏமாற்றியவர் முகத்தை வைத்து ஏமாற்ற முடியாது. அதைப் பதிவு செய்து வைத்துக்கொண்டு அப்புறம் வீட்டில் பேசலாம் என்று கணக்குப் போட்டேன்.

வந்தார். தாளை வாங்கி இரண்டு தடவை கவனமாகப் படித்தார். அக்கா வீட்டை விட்டுக் கிளம்புகிறாள், தம்பி தடுக்கிறான், அவ்வளவுதான் காட்சி. தம்பிக்குத் தலை நரைத்திருப்பதைப் பார்த்து அந்தப் பெண் சிரித்துக்கொண்டாள்.

ஆரம்பத்தில் சரியாகத்தான் போனது. அவள் உதடு நின்றதும் இவர் பேசினார். அவள் பேசும்போது இவர் அவளைப் பார்த்த பார்வையைக் கண்டு நானே அசந்துபோனேன். இப்படி ஊன்றிக் கேட்கிறவரை ஆடிஷனில் பார்த்ததில்லை. நிஜமாகவே நல்ல நடிகர் என்று நினைத்தேன், கசப்போடு.

நடுவில் அவள் அழுகை வந்து சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் சொல்லிக்கொடுக்காததுதான், அவளாகவே செய்தாள், அருமையாக இருந்தது. சுவரைப் பார்த்துக்கொண்டே, "எனக்குன்னு இங்க யாரு இருக்கா?" என்றாள். அதற்கு இவர் சொல்ல வேண்டியது, "அப்ப நான் யாரு?"

சொல்லவில்லை.

அவள் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தார். தாளைப் பார்த்தார். மறுபடி முதுகைப் பார்த்தார். முகத்தில் ஒரு கலக்கம் — தெரியாத ஊரில் பஸ்ஸை விட்டவர்கள் மாதிரி. அப்புறம் குத்துமதிப்பாக, பக்கத்தின் அடியிலிருந்து எங்கேயோ ஒரு வரியை எடுத்துப் படிக்க ஆரம்பித்தார். அவள் திகைத்துத் திரும்பினாள். வேண்டுமென்றே கெடுக்கிறார் என்று எனக்கு ரத்தம் கொதித்தது. இவர் நாற்காலிக்குப் பின்னால் போய் நின்று "கட்" என்றேன்.

அந்தப் பெண் நின்றாள். காமிராவுக்குப் பின்னால் இருந்தவர் நிமிர்ந்தார். இவர் படித்துக்கொண்டே இருந்தார், வரியின் மேல் விரலை வைத்து, குழந்தைகள் படிப்பதுபோல்.

"கட்" என்றேன் மறுபடியும்.

படித்துக்கொண்டே இருந்தார்.

என் செட்டில் நான் கட் என்று சொல்லி முடிப்பதற்குள் முதலில் நிறுத்துகிறவர் இவர்தான். வாய்க்குள் முணுமுணுத்தால்கூட ஹெட்போனில் பிடித்துவிடுவார், தூரத்திலிருந்து கை தூக்குவார். அந்த மனிதர் எனக்கு ஒரு முழ தூரத்தில் உட்கார்ந்துகொண்டு, யாரும் கேட்காத வசனத்தைப் படித்துக்கொண்டிருந்தார்.

அந்தப் பெண்தான் முதலில் புரிந்துகொண்டாள். மெல்லக் கையை நீட்டி இவர் தாளைத் தொட்டாள். நிமிர்ந்து பார்த்து, "ஓகேவா?" என்று கேட்டுச் சிரித்தார்.

நான் ஓகே என்று தலையாட்டினேன். வேறு என்ன செய்வது?

மார்ச் 28, சனி

இன்று காலை இவர் எதிரில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தேன். "எப்பத்துலருந்து?" என்று கேட்டேன். நான் என்ன கேட்கிறேன் என்று உடனே தெரிந்துவிட்டது.

வலது காது போன வருடமே போய்விட்டதாம். இடது காதும் கொஞ்சம் கொஞ்சமாகப் போய்க்கொண்டிருக்கிறது. டாக்டர் மெஷின் வைக்கச் சொல்லியிருக்கிறார். இவர் தள்ளிப்போட்டுக்கொண்டு வந்திருக்கிறார், மெஷின் வைத்த சவுண்ட்காரனை யார் கூப்பிடுவார்கள் என்று. கடைசியாகச் செய்த படத்தில் பின்னணியில் ஒரு பம்புசெட் சத்தம் முழுக்க ஓடியிருக்கிறது, இவருக்குக் கேட்கவே இல்லை. அன்றைக்கே விட்டுவிட்டாராம். காலையில் பையை மாட்டிக்கொண்டு கிளம்பிப் போய்ப் பூங்காவில் உட்கார்ந்திருக்கிறார். நான் பேச ஆரம்பித்தால் கேட்காதே என்று தானே பேசியிருக்கிறார். கேட்காத இடத்திலெல்லாம் சிரித்திருக்கிறார், இல்லாவிட்டால் நல்லது என்றிருக்கிறார்.

நல்லது. செய்.

"என்கிட்ட ஏன் சொல்லல?" என்றேன்.

"சொன்னா நீ என்னத்தான் வச்சிருப்ப" என்றார். "எவன் என்ன சொன்னாலும் சண்டை போட்டு என்னையே உக்கார வச்சிருப்ப. காது கேக்காதவன வச்சு உன் படம் வீணாப் போகணுமா? பதினாலு வருஷம் காத்திருந்திருக்க."

தயாரிப்பாளரிடம் போனதும் அதற்குத்தான். நல்ல சவுண்ட் ஆளாகப் போடுங்கள், செலவைப் பார்க்காதீர்கள், இவளுக்கு மட்டும் இப்போது சொல்லிவிடாதீர்கள் என்று கேட்டுக்கொண்டாராம்.

கன்டினியுட்டிக்காரி பக்கம் மாறியதைப் பார்த்தாள். டப்பிங் பார்த்தவள் உதட்டைப் பார்ப்பதைப் பார்த்தாள். காஸ்டிங் செய்கிறவள் முதுகைப் பார்த்தாள். பொண்டாட்டி எங்கே போயிருந்தாள்?

"நீ படத்த நல்லா எடு. எனக்கு அது போதும்" என்றார். படத்தை விட்டுவிட்டதை அப்போதாவது நான் சொல்லியிருக்கலாம். சரி என்று மட்டும் உதட்டை அசைத்தேன். அது இவருக்கு நன்றாகப் புரிந்தது.

மார்ச் 30, திங்கள்

படத்தைத் திரும்பக் கேட்கத் தயாரிப்பாளர் வீட்டுக்கே போனேன். உட்காரச் சொன்னார். நான் வந்துபோன அன்று மாலையே சீரியல் டைரக்டர் ஒருவருக்கு வாக்குக் கொடுத்துவிட்டாராம், நாள் தள்ளினால் நடிகர்கள் கிடைக்க மாட்டார்கள் என்று. அட்வான்ஸும் போய்விட்டது. "உங்க வீட்டுக்காரர் நிலைமை தெரிஞ்சு, அவரப் பாத்துக்கத்தான் விலகறீங்கன்னு நெனச்சேம்மா. அதான் தடுக்கல" என்றார். அந்த "ம்மா"வில் இன்றும் அதே பரிதாபம். அது என் மேல் இல்லை, இவர் மேல். முதலிலிருந்தே அப்படித்தான் இருந்திருக்கிறது.

காஸ்டிங் மட்டும் நீங்களே செய்துகொடுங்கள் என்றார். சரி என்றேன்.

ஏப்ரல் 3, வெள்ளி

இவருக்குத் தெரியாது. ஷூட்டிங் தள்ளிப்போகிறது என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

ஏப்ரல் 11, சனி

என் கதைக்கு இன்னொருவருக்காக அக்காவைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தேன். குதிரைக்குப் பயந்த பெண்தான். சீரியல் டைரக்டர் வீடியோவைப் பார்த்துவிட்டு, "எதிர்ல படிக்கிறவர் யாரு? பிரமாதமாக் கேக்கறாரே" என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. அடக்க முடியாமல் கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். சிரிப்பு எப்போது அழுகையானது என்று தெரியவில்லை.

வெளியே வந்ததும் சுருட்டை, "வீட்ல எப்ப சொல்லப்போறீங்க?" என்றான். பார்க்கலாம் என்றேன். "மேடம், ஒரு பொய்ய எத்தன டேக்தான் எடுப்பீங்க?" என்றான். தெர்மாமீட்டரை வைத்துப் போட்டோ எடுக்கிறவனெல்லாம் எனக்குப் புத்தி சொல்கிறான்.

ஏப்ரல் 20, திங்கள்

மெஷின் வந்துவிட்டது. இடது காதுக்கு மட்டும்தான் உபயோகமாம். மாட்டிய முதல் நாள் ஃபேன் சத்தத்துக்கு முகம் சுளித்தார். பழைய சுளிப்பு. பார்க்கச் சந்தோஷமாக இருந்தது. டிவி இப்போது ஒழுங்காக இருக்கிறது.

ஆனால் என் வாய்க்குத்தான் ஆபத்து. முன்பு முணுமுணுத்துத் தப்பித்துவிடலாம். இப்போது எல்லாவற்றையும் திரும்பிப் பார்த்துக் கேட்கிறார்.

மே 2, சனி

"எப்ப ஆரம்பிக்கறாங்க?" என்று கேட்டார். வெயில் குறையட்டும் என்றேன். என் உதட்டைப் பார்த்தார். பிறகு கண்ணைப் பார்த்தார். இவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

குளியலறையில் கண்ணாடியைப் பார்த்துச் சொல்லிப் பார்க்கிறேன். 'படம் போயிடுச்சு. யாரும் எடுத்துக்கல. நானாத்தான் கொடுத்துட்டேன். உங்கள நம்பல.' கடைசி வரி வாயில் நிற்க மாட்டேன் என்கிறது. எத்தனை பேரை இதைவிடச் சின்ன வரிக்குத் திருப்பி அனுப்பியிருப்பேன்.

மே 5, செவ்வாய்

இன்று ஷூட்டிங் ஆரம்பித்துவிட்டார்கள். இனி யாராவது இவரிடம் சொல்லிவிடுவார்கள். அதற்கு முன்னால் நான் சொல்ல வேண்டும் என்று முடிவு செய்தேன்.

இவர் குளித்துவிட்டு வந்து தலையைத் துவட்டிக்கொண்டிருந்தார். மெஷின் மேசையில் இருந்தது. அது காதில் இல்லாத நேரமாகப் பார்த்துத்தான் ஆரம்பித்தேன், அதை இங்கேயாவது எழுதிவிடுகிறேன். எல்லாவற்றையும் சொன்னேன். கடைத்தெருவிலிருந்து, சமையலறை, ஃபிரிட்ஜ், தயாரிப்பாளர் வரை, ஒரே மூச்சில். சொல்லி முடித்ததும் உடம்பு லேசானதுபோல் இருந்தது.

இவர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, "தலையக் குனிஞ்சுக்கிட்டே பேசினா எனக்கு எப்படித் தெரியும்?" என்றார்.

மெஷினை எடுத்து இடது காதில் மாட்டிக்கொண்டார். நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "இப்ப சொல்லு."

முதலிலிருந்து மறுபடி சொன்னேன்.